ரோஜர் கார்மன்: படம் எடுத்தவரா, பெட்டி அனுப்பியவரா?

13 மே 2024

வாசகர் கேள்வி: அமெரிக்காவில் மலிவுச் செலவில் படம் எடுத்துத் தள்ளிய ரோஜர் கார்மன் 98 வயதில் போய்ச் சேர்ந்துவிட்டார். கொப்போலாவின் குரு, ஸ்கோர்செஸியின் குரு, கேமரூனின் குரு, பெரிய ஹாலிவுட் இயக்குநர்களுக்கெல்லாம் குரு என்று எல்லாரும் எழுதித் தள்ளுகிறார்கள். நான் அவர் படங்களில் நாலைந்து பார்த்தேன். ரப்பர் பூதம், அட்டை செட். உண்மையிலேயே நல்ல இயக்குநரா, இல்லை ஆள் பிடித்துக் கொடுத்த தரகர்தானா?

13 மே 2024, இரவு

தரகர் என்பதைத் திட்டாகப் போட்டிருக்கிறீர்கள். எனக்குச் சுருக்கென்றது. 1989 முதல் ஆறு வருடம் கோவை ஏரியாவில் ஒரு விநியோக அலுவலகத்துக்கு ரெப்பாக இருந்தவன் நான். வெள்ளிக்கிழமை விடியற்காலையில் படச்சுருள் இருக்கிற பெட்டியோடு பஸ் ஏறி தாராபுரத்திலோ கோபியிலோ இறங்கி, கவுண்டர் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து, எத்தனை டிக்கெட் கிழிகிறது என்று எண்ணுகிற வேலை. இரவு எஸ்.டி.டி. பூத்திலிருந்து அலுவலகத்துக்குக் கணக்குச் சொல்ல வேண்டும். அதனால் கார்மனை நான் பார்ப்பது கேமரா பக்கத்திலிருந்து இல்லை, பெட்டி பக்கத்திலிருந்து.

என் கட்சி இதுதான்: அவர் இயக்கிய படங்களை மட்டும் வைத்து அவரை அளந்தால் பாதிதான் தெரியும். படம் எங்கே ஓடும், யார் பார்ப்பார்கள், போட்ட காசு என்றைக்குத் திரும்பும் என்பதை முதலில் யோசித்துவிட்டு, அப்புறம் படத்தை யோசித்தவர் அவர். நல்ல இயக்குநரா என்றால், சில படங்களில் ஆமாம். அதற்குப் பிறகு வருகிறேன்.

14 மே 2024

நேற்று அரைகுறையாக விட்டதைத் தொடர்கிறேன்.

ஆள் படித்தது ஸ்டான்ஃபோர்டில் இண்டஸ்ட்ரியல் இன்ஜினியரிங். மோட்டார் கம்பெனி ஒன்றில் திங்கட்கிழமை வேலைக்குச் சேர்ந்து வியாழக்கிழமை விட்டுவிட்டார். நாலே நாள். அப்புறம் ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸில் தபால் அறை. அங்கிருந்து கதை படித்துக் குறிப்பு எழுதுகிற வேலை. ஒரு வெஸ்டர்ன் கதைக்கு அவர் சொன்ன யோசனைகளை எடுத்துக்கொண்டார்கள், பேர் போடவில்லை. கொஞ்சநாள் இங்கிலாந்தில் ஆக்ஸ்ஃபோர்டில் இலக்கியம் படித்துவிட்டுத் திரும்பி வந்தவர், ஒரு திரைக்கதையை விற்ற காசையும் அங்கே இங்கே திரட்டியதையும் சேர்த்து 1954இல் ஒரு கடல் பூதப் படம் எடுத்தார். ரொக்கச் செலவு ஏறத்தாழ 12,000 டாலர். அது லாபம் பார்த்தது.

இங்கேதான் நமக்குத் தெரிந்த கதை ஆரம்பிக்கிறது. சின்னத் தயாரிப்பாளர் படத்தை முடித்து விநியோகஸ்தரிடம் கொடுக்கிறார். அது ஊர் ஊராகப் போய், வசூல் வந்து, பிரிண்டுக்கும் விளம்பரத்துக்கும் கழித்து, பங்கு பிரித்து அவர் கைக்கு வர ஒரு வருடம் ஆகும். அதுவரை அடுத்த படம் எடுக்க முடியாது, அவர் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். நம்மூரில் இதற்கு ஒரே சொல்தான், ரொட்டேஷன். பணம் சுற்றி வருகிற நேரம். இந்த நேரத்தில்தான் நம்மூர் தயாரிப்பாளர் வட்டிக்குப் போவார், அதோடு கதை முடியும்.

கார்மன் இரண்டாவதாகத் தயாரித்த படம் ஒரு கார் பந்தயப் படம். பெயர் 'த ஃபாஸ்ட் அண்ட் த ஃப்யூரியஸ்'. (ஆமாம், அந்தப் பெயர்தான். 2001 படத்துக்கு அந்தத் தலைப்பின் உரிமையைக் கொடுத்தவர் இவர்.) பெரிய கம்பெனிகள் அதை வாங்கத் தயாராக இருந்தன. அவர் அவர்களை விட்டுவிட்டு, அப்போதுதான் கடை திறந்திருந்த ஒரு புது விநியோகக் கம்பெனியிடம் போனார். ஜேம்ஸ் நிக்கல்சனும் சாமுவேல் ஆர்க்காஃபும் நடத்தியது. பிறகு அமெரிக்கன் இண்டர்நேஷனல் பிக்சர்ஸ் என்று பேர் பெற்றது. அவர்களிடம் இவர் போட்ட நிபந்தனை, ஒரு படத்துக்கு அல்ல, மூன்று படத்துக்கு ஒப்பந்தம். ஒன்றைக் கொடுத்ததும் அடுத்ததற்கு முன்பணம். காத்திருக்கிற அந்த ஒரு வருடத்தை ஒரே கையெழுத்தில் தாண்டிவிட்டார். அப்போது அவருக்கு 28 வயது.

28 வயதில் நான் உடுமலை பஸ் ஸ்டாண்டில் பெட்டி மேல் உட்கார்ந்து தூங்கிக்கொண்டிருந்தேன்.

15 மே 2024

திருத்தம். கடல் பூதப் படத்தை கார்மன் "எடுத்தார்" என்று எழுதியதை, இயக்கினார் என்று ஒருவர் புரிந்துகொண்டிருக்கிறார். இல்லை, தயாரித்தார். இயக்கியவர் வயாட் ஆர்டங். கார்மன் முதலில் இயக்கியது 1955இல், ஒரு வெஸ்டர்ன். இயக்கம் படித்து வந்தவர் அல்ல. இயக்குநருக்குத் தருகிற சம்பளம் மிச்சமாகுமே என்பதும் ஒரு காரணமாக இருந்திருக்கும் என்பது என் சந்தேகம்.

18 மே 2024

சிக்கனத்தைப் பற்றிச் சொல்லாமல் கார்மனைப் பற்றிப் பேச முடியாது. எல்லாருக்கும் தெரிந்தது அந்தப் பூக்கடைப் படம், 'த லிட்டில் ஷாப் ஆஃப் ஹாரர்ஸ்', 1960. வேறொரு படத்துக்குப் போட்ட செட் இன்னும் பிரிக்கப்படாமல் நின்றது. இரண்டு பகல், ஓர் இரவில் முக்கியக் காட்சிகளை முடித்தார். செலவு 30,000 டாலருக்குள். பல் டாக்டரிடம் போய் வலியை ரசிக்கிற பைத்தியமாக ஜாக் நிக்கல்சன் (கம்பெனி நிக்கல்சன் இல்லை, நடிகர்) ஒரு காட்சியில் வருவார்.

எனக்குப் பிடித்த கதை பேய்ப்பட நடிகர் போரிஸ் கார்லாஃப் கதை. 1963 வாக்கில் ஒரு படம் முடிந்தது, செட் இன்னும் நிற்கிறது, கார்லாஃபும் இருக்கிறார். சரி என்று இரண்டு நாள் அவரைக் கோட்டைக்குள் நடக்கவிட்டு, படிக்கட்டில் ஏறி இறங்கவிட்டு எடுத்து வைத்துக்கொண்டார். கதை பிறகு வரும்! மீதியை கொப்போலா கொஞ்சம், மான்டி ஹெல்மன் கொஞ்சம், ஜாக் ஹில் கொஞ்சம், நிக்கல்சனே கொஞ்சம் என்று ஆளாளுக்கு எடுத்து ஒட்டினார்கள். பெயர் 'த டெரர்'. என்ன நடக்கிறது என்று எனக்கு மூன்று தடவை பார்த்தும் புரியவில்லை.

அதோடு விடவில்லை. கார்லாஃப் இன்னும் இரண்டு நாள் வேலை பாக்கி வைத்திருந்தார். அந்த இரண்டு நாளை பீட்டர் பக்டனோவிச் கையில் கொடுத்து, 'த டெரர்' படத்திலிருந்து கொஞ்சம் துண்டும் எடுத்துக்கொள், ஒரு படம் செய் என்றார். வந்தது 1968இன் 'டார்கெட்ஸ்'. வயதான பேய்ப்பட நடிகர் ஒருவர், துப்பாக்கியோடு திரிகிற ஓர் இளைஞன், கடைசியில் திறந்தவெளி கார் தியேட்டர் (காரில் உட்கார்ந்தபடியே படம் பார்க்கிற இடம்). அருமையான படம்.

அயர்லாந்திலும் இதுதான். ஒரு கார் பந்தயப் படத்துக்காக ஐரோப்பா போன குழு. படம் முடிந்தது, கருவிகளும் சில ஆட்களும் அங்கேயே இருக்கிறார்கள். சவுண்ட் வேலைக்குப் போயிருந்த கொப்போலா, நான் ஒன்று எடுக்கட்டுமா என்று கேட்டார். எடுத்தார். 'டிமென்ஷியா 13'.

18 மே 2024, கொஞ்சம் கழித்து

மிஞ்சின இட்லியை உப்புமா ஆக்குகிற வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இதெல்லாம் அதிசயமாகவே தெரியாது என்று என் மனைவி சொல்கிறாள்.

25 மே 2024

கேள்வி கேட்டவர் மறுபடி வந்திருக்கிறார்: "அப்படியானால் வியாபாரி என்றே ஒத்துக்கொள்ளுங்களேன். நூறு படம் எடுத்தும் ஒரு காசு நட்டமில்லை என்று அவரே சுயசரிதைக்குப் பெயர் வைத்திருக்கிறாரே."

வைத்தார், 1990இல். பெயரை நம்பாதீர்கள், அது போஸ்டர். நட்டமான படம் இருந்தது. அதைத்தான் நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

'த இன்ட்ரூடர்', 1962. பள்ளியில் கறுப்பினப் பிள்ளைகளைச் சேர்க்கச் சட்டம் வந்த நேரம். தெற்கத்திச் சிற்றூர் ஒன்றுக்கு வெள்ளை சூட் போட்ட ஒருவன் வந்து இறங்குகிறான். சிரித்துச் சிரித்துப் பேசி ஊரைக் கொளுத்திவிடுகிறான். அவனாக நடித்தவர் வில்லியம் ஷாட்னர், விண்வெளிக் கப்பல் தொடருக்கெல்லாம் முன்பு. யாரும் பணம் போட வராததால் கார்மனும் தம்பி ஜீனும் சொந்தக் காசைப் போட்டார்கள். மிசௌரி மாநிலத்தின் தென்கிழக்கு மூலையில் நிஜமான ஊர்களில், ஊர்க்காரர்களையே கூட்டத்தில் நிறுத்தி எடுத்தார்கள். முழுக்கதை என்னவென்று ஊருக்குச் சொல்லவில்லை. தெரியவந்தபோது மிரட்டல் வந்தது.

படம் பார்த்தவர்கள் பாராட்டினார்கள். ஆனால் தணிக்கை முத்திரைக்கே இழுபறி. தியேட்டர்கள் எடுக்கவில்லை. பிறகு 'ஐ ஹேட் யுவர் கட்ஸ்', 'ஷேம்' என்றெல்லாம் பெயர் மாற்றி விட்டுப் பார்த்தார்கள். ஓடாத படத்துக்குப் பேர் மாற்றுவது எங்கள் ஆபீசிலும் நடந்த வைத்தியம்தான். நோயாளி பிழைத்து நான் பார்த்ததில்லை.

இதிலிருந்து அவர் கற்றது: சொல்ல வேண்டியதை மேலே வைக்காதே, அடியில் வை. மேலே ஜனம் கேட்பதைக் கொடு. பிறகு வந்த மோட்டார் சைக்கிள் படமும், நிக்கல்சன் எழுதின எல்.எஸ்.டி. படமும், நர்ஸ் படங்களும் எல்லாம் அந்த வழிதான். பாடம் சரியா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. அடியில் வைத்தது அடியிலேயே தங்கிவிட்ட படங்கள்தான் அதிகம்.

2 ஜூன் 2024

இப்போது நான் சொல்ல வந்ததற்கு வருகிறேன். 1970இல் கார்மன் சொந்தமாக நியூ வேர்ல்டு பிக்சர்ஸ் தொடங்கினார். இயக்குவதை அநேகமாக நிறுத்திவிட்டார். அதற்கு முன்பே 1959இல் தம்பியோடு ஃபிலிம்குரூப் என்று ஒரு சின்ன விநியோகக் கடை போட்டுப் பார்த்தவர். இந்தத் தடவை முழுசாக இறங்கினார்.

அந்தக் காலத்தில் அமெரிக்காவிலும் ஏரியா முறைதான். நமக்கு எப்படி கோவை, சேலம், மதுரை-ராமநாதபுரம், திருச்சி-தஞ்சை என்று பிரிவோ, அப்படி அங்கேயும் நகரத்தை மையமாக வைத்துப் பகுதிகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு துணை விநியோகஸ்தர். சிறிய கம்பெனியால் நாடு முழுக்க ஒரே நாளில் வெளியிட முடியாது. கையில் இருக்கிற பிரிண்டுகளை ஒரு பகுதியில் ஓட்டி, எடுத்து, அடுத்த பகுதிக்கு அனுப்ப வேண்டும். தெற்கே கோடையில் ஒன்று, வடக்கே பனி உருகியதும் திறந்தவெளி கார் தியேட்டர் திறக்கும்போது ஒன்று. முதல் இரண்டு ஊரில் எந்த விளம்பரம் எடுபட்டது என்று பார்த்து, மூன்றாவது ஊரில் போஸ்டரை மாற்றலாம்.

நடுவில் ஆள் வந்துவிட்டால் கணக்கும் நடுவில் நின்றுவிடும். இது எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஒரு தியேட்டரில் (ஊர் பேர் வேண்டாம்) வாசலில் டிக்கெட்டைக் கிழிக்காமல் வாங்கி, பையன் ஒருவன் மூலம் மறுபடி கவுண்டருக்கு அனுப்பி, அதையே இன்னொருவருக்கு விற்பார்கள். டி.சி.ஆரில் (அன்றன்றைய வசூல் கணக்குத் தாள்) 212 பேர். உள்ளே போய்த் தலை எண்ணினால் 300 சொச்சம். கேட்டதற்கு "குழந்தைகளையும் சேர்த்து எண்ணிட்டீங்க தம்பி" என்றார் மேனேஜர். அது வயது வந்தோர் படம்.

கார்மனுக்குக் கம்பெனி சொந்தம், விநியோகம் சொந்தம். இந்தக் கசிவை எல்லாம் அடைத்துவிட்டார் என்று சொல்ல மாட்டேன், யாராலும் முடியாது. ஆனால் எங்கே கசிகிறது என்று பார்க்கிற இடத்தில் உட்கார்ந்தார்.

2 ஜூன் 2024, இரவு

பெர்க்மன் விஷயம் விட்டுப்போனது. விட்டிருந்தால் என்னையே மன்னிக்க மாட்டேன்.

ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் 'க்ரைஸ் அண்ட் விஸ்பர்ஸ்' படத்துக்கு அமெரிக்காவில் ஆள் கிடைக்கவில்லை. சிவப்புச் சுவர், சாகக் கிடக்கும் ஒரு பெண், இரண்டு சகோதரிகள், ஒரு பணிப்பெண். யார் எடுப்பார்? நர்ஸ் படமும் பெண்கள் சிறைப் படமும் விற்கிற கம்பெனி எடுத்தது. 1972 கடைசியில் நியூயார்க்கில் திறந்தார்கள். ஆஸ்காரில் சிறந்த படம் உட்பட ஐந்து பரிந்துரை, ஒளிப்பதிவுக்கு ஸ்வென் நிக்விஸ்டுக்குப் பரிசு. கலைப்பட தியேட்டர், கல்லூரி ஊர் எல்லாம் முடிந்ததும் கார்மன் அதைத் திறந்தவெளி கார் தியேட்டருக்கும் அனுப்பினார். தன் படம் அந்த ஜனத்திடமும் போனதில் பெர்க்மனுக்குச் சந்தோஷம் என்று கார்மன் பின்னாளில் சொல்லிக்கொண்டிருந்தார்.

அதோடு நிற்கவில்லை. ஃபெலினியின் 'அமார்கார்ட்', குரோசாவாவின் 'டெர்சு உசாலா', ஷ்லோண்டார்ஃபின் 'த டின் டிரம்' மூன்றையும் அமெரிக்காவில் வெளியிட்டது இதே கம்பெனி. மூன்றும் வெளிநாட்டுப் பட ஆஸ்கார் வாங்கின. 1975 முதல் 1980 வரை ஆறு விழாக்களில் மூன்று! த்ருஃபோ படங்களும் உண்டு. அதே 1975இல் அதே ஆபீசிலிருந்து, ஆளை ஏற்றிக் கொன்று பாயிண்ட் எடுக்கிற கார் பந்தயப் படமும் வெளியே போனது. குரோசாவா பெட்டியும் அந்தப் பெட்டியும் ஒரே வேனில் போயிருந்தாலும் ஆச்சரியமில்லை.

பெரிய கம்பெனி இந்தப் படங்களை எடுத்தால் விளம்பரத்திலேயே லாபத்தைத் தின்றுவிடும். இவருக்கு ஆபீஸ் செலவு குறைவு. எவ்வளவு வரும் என்று தெரியும், அதற்குள் செலவை நிறுத்தத் தெரியும். பூதப் படத்துக்குக் கற்ற அதே கணக்கு. மரியாதை வேண்டும் என்ற ஆசையும் இருந்திருக்கும், இல்லை என்று யார் சொன்னது.

3 ஜூன் 2024

'டின் டிரம்' 1979இல் கான் விழாவில் பெரிய பரிசைப் பங்கு போட்டுக்கொண்டது. எதோடு? கொப்போலாவின் வியட்நாம் படத்தோடு. ஒரு பக்கம் கார்மனிடம் ரஷ்யப் படம் வெட்டிக்கொண்டிருந்த பையன் (அந்தக் கதை பிறகு), மறுபக்கம் கார்மன் வெளியிடப் போகிற படம்.

9 ஜூன் 2024

"கலைப்படத்தைக் கார் தியேட்டரில் போட்டு என்ன பயன், எவன் பார்த்திருப்பான்" என்று ஒரு கேள்வி. நியாயம்.

தேசிய விருது வாங்கிய தமிழ்ப் படம் ஒன்றின் பெட்டியை நான் தாராபுரம் கொண்டுபோயிருக்கிறேன். மதியக் காட்சிக்கு 17 டிக்கெட். தியேட்டர்காரர் நல்ல மனுஷன், என்மேல் பரிதாபப்பட்டு மாலைக்குள் சுவரொட்டியின் மேல் ஒரு துண்டுத்தாள் ஒட்டினார்: "காதல்! கண்ணீர்! கொலை!" படத்தில் கொலை இல்லை. சாயங்காலம் 140 பேர். இடைவேளைக்குப் பிறகு கொலை எங்கே என்று கேட்டு விசில். முடிந்ததும் இரண்டு பேர் என்னைத் தேடி வந்து, "கொலை இல்லாட்டியும் பரவாயில்லைங்க, அந்த அம்மா நல்லா நடிச்சுது" என்றார்கள். 140இல் இரண்டு பேர். அந்தத் துண்டுத்தாள் இல்லாவிட்டால் அந்த இரண்டு பேரும் வந்திருக்க மாட்டார்கள். ஏமாற்றியதா, கொண்டுசேர்த்ததா, இதுவரை எனக்கு முடிவு தெரியவில்லை.

நியூ வேர்ல்டில் டிரெய்லர் வெட்டுகிற வேலையில் இருந்தவர்கள் ஜோ டான்டேவும் ஆலன் ஆர்குஷும். அங்கே ஒரு ஹெலிகாப்டர் வெடிக்கிற துண்டு இருந்ததாம். எந்தப் படத்தின் டிரெய்லர் மந்தமாக இருந்தாலும் அதைச் சொருகிவிடுவார்களாம், படத்தில் ஹெலிகாப்டரே இல்லாவிட்டாலும். தாராபுரம் துண்டுத்தாளுக்கு அது பெரியண்ணன்.

16 ஜூன் 2024

இந்த இடத்தில் நானே என்னோடு சண்டை போட வேண்டியிருக்கிறது.

பெர்க்மனைத் தொடாமல் அப்படியே விட்டவர், ரஷ்யர்களை விடவில்லை. 60களின் தொடக்கத்தில் சோவியத் விண்வெளிப் படங்கள் சிலவற்றின் உரிமையை வாங்கினார். செட்டும் மாடல்களும் அமெரிக்காவில் யாரும் செய்யாத தரம். அதில் ஒன்றை கொப்போலாவிடம் கொடுத்து ஆங்கிலத்துக்கு மாற்றச் சொன்னார்கள். கொப்போலா இரண்டு பூதம் செய்து நடுவில் சண்டை போடவைத்தார். ரஷ்யப் பெயர்களை மாற்றி ஆங்கிலப் பெயர் போட்டார்கள். பாவெல் க்ளுஷான்செவ் எடுத்த 'பிளானெத்தா பூர்' இன்னும் மோசமாகச் சிக்கியது. ஒரே படத்தை இரண்டு தடவை வெட்டி இரண்டு அமெரிக்கப் படம். இரண்டாவதில் பக்டனோவிச் கடற்கரையில் கொஞ்சம் பெண்களை உட்காரவைத்துச் சேர்த்தார்.

அசலைப் பார்த்தேன். சாந்தமான, அழகான படம். ஒரு விநியோகஸ்தன் செய்யக்கூடாத காரியம் என்று ஒன்று உண்டென்றால், இதுதான்.

30 ஜூன் 2024

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் துதிபாடல் ஆகிவிடும்.

பெண்களுக்கு ஹாலிவுட் கதவை மூடியிருந்த நேரத்தில் ஸ்டெஃபானி ராத்மன் இயக்கினார், பார்பரா பீட்டர்ஸ் இயக்கினார், பின்னால் டெர்மினேட்டர் தயாரித்த கேல் ஆன் ஹர்ட் கார்மனின் உதவியாளராகத் தொடங்கினார். எல்லாம் உண்மை. ஆனால் 1980இல் பீட்டர்ஸ் எடுத்த கடல் ஜந்துப் படத்தில், அவருக்குத் தெரியாமல் வேறு ஆளை வைத்துப் பலாத்காரக் காட்சிகளைப் புதிதாக எடுத்துச் சேர்த்தார்கள். அவர் தன் பேரை எடுக்கச் சொல்லியும் எடுக்கவில்லை. கதவைத் திறந்தவரே இதையும் செய்தார். சம்பளமும் சொற்பம். "இவரிடம் படித்தோம்" என்று சொல்கிறவர்கள் எல்லாரும் பெரிய ஆளானவர்கள். படித்துவிட்டுக் காணாமல் போனவர்களின் பேட்டி எங்கும் வராது.

ஸ்கோர்செஸி சொன்னதும் உண்டு. அவருடைய நியூயார்க் தெருப் படத்துக்குக் கார்மன் பணம் தரத் தயார், பாத்திரங்களைக் கறுப்பினத்தவராக மாற்றினால். அப்போது அந்த வகைப் படங்கள் ஓடிக்கொண்டிருந்தன. ஸ்கோர்செஸி யோசித்துவிட்டு மாட்டேன் என்றார். இதில் கார்மன்மேல் எனக்குக் கோபமில்லை, ஏனோ சிரிப்புதான் வருகிறது.

7 ஜூலை 2024

தலைப்பை விட்டு ஓடுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். 1994. ஜுராசிக் பார்க் தமிழில் வந்து ஊரே பைத்தியமாக இருந்த நேரம். காசெட் கடையில் "டைனோசர் படம் இருக்கா" என்று கேட்டு ஆசையாக வாங்கிவந்து, வீட்டில் அண்ணன் பிள்ளைகளை எல்லாம் உட்காரவைத்துப் போட்டேன். பத்து நிமிடத்தில் கோழிப்பண்ணை. டைனோசர் கையுறை மாதிரி இருந்தது. ரத்தம் வேறு கொட்டியது. அண்ணி டி.வி.யை அணைத்துவிட்டு என்னை ஒரு பார்வை பார்த்தார்.

பல வருடம் கழித்துத்தான் அது கார்மன் தயாரித்த 'கார்னோசார்' என்று தெரிந்தது. பெரிய படம் 1993 ஜூனில் வருகிறது என்றதும் ஒரு மாதம் முந்தி மே மாதமே விட்டுவிட்டார். அந்தப் பக்கம் நாயகி லாரா டெர்ன். இந்தப் பக்கம் கெட்ட விஞ்ஞானி டயான் லாட், லாரா டெர்னின் நிஜ அம்மா. அடுத்தவன் செய்கிற விளம்பரத்தில் சவாரி! அண்ணியிடம் இதை விளக்க முயன்றேன். வேண்டாம் என்றார்.

8 ஜூலை 2024

"நல்ல இயக்குநரா என்பதற்குப் பிறகு வருகிறேன் என்றீர்கள், வரவே இல்லை." மறந்துவிட்டேன்.

திகில் கதை எழுத்தாளர் எட்கர் ஆலன் போ கதைகளை வைத்து 1960 முதல் 64 வரை எடுத்த எட்டுப் படங்களைப் பாருங்கள். வின்சென்ட் ப்ரைஸ் நடித்தவை அநேகம். பதினைந்து நாள் போல ஷூட்டிங், வண்ணம், அகலத்திரை. அதில் 'த மாஸ்க் ஆஃப் த ரெட் டெத்' இங்கிலாந்தில் எடுத்தது, கேமரா நிக்கலஸ் ரோக். மஞ்சள் அறை, ஊதா அறை, வெள்ளை அறை என்று கதவு திறந்து திறந்து போகிற அந்தக் காட்சி ஒன்று போதும், அட்டை செட் என்ற உங்கள் குற்றச்சாட்டை வாபஸ் வாங்க.

9 ஜூலை 2024

அவசரத்தில் எட்டும் போ கதை என்று எழுதிவிட்டேன், ஒரு நண்பர் காதைத் திருகினார். 'த ஹாண்டட் பேலஸ்' கதை லவ்கிராஃப்ட் என்ற வேறொரு எழுத்தாளருடையது. போவின் ஒரு கவிதையிலிருந்து தலைப்பை மட்டும் எடுத்து ஒட்டி, போ படம் என்று விற்றார்கள். மறுபடியும் துண்டுத்தாள்.

ப்ரைஸும் எட்டில் ஏழில்தான். ஒன்றில் ரே மில்லண்ட்.

18 ஆகஸ்ட் 2024

1983இல் நியூ வேர்ல்டை விற்றுவிட்டார், 1 கோடியே 65 லட்சம் டாலருக்கு. ஏன் விற்றார் என்று கேட்டவருக்கு என் பதில்:

1975இல் 'ஜாஸ்' என்ற சுறாப் படம் வந்தது. பூதம், கடற்கரை, அரைகுறை உடையில் நீச்சல். சரக்கு கார்மனுடையது, பணம் பெரிய கம்பெனியுடையது. இதைக் கார்மனே புரிந்துகொண்டு சொல்லியிருக்கிறார். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு. அந்தப் படத்தை டி.வி. விளம்பரத்தோடு 400க்கும் மேற்பட்ட தியேட்டர்களில் ஒரே நாளில் விட்டார்கள். பெட்டி ஊர் ஊராகச் சுற்றுகிற முறைக்கு அன்றைக்கே சாவுமணி அடித்தாயிற்று. எல்லா ஊரிலும் ஒரே நாளில் வந்துவிட்டால், போஸ்டரை மாற்ற மூன்றாவது ஊர் எங்கே இருக்கிறது? கார் தியேட்டர்களும் மூடிக்கொண்டே வந்தன. அப்புறம் வீடியோ வந்தது, கார்மன் அதற்கு மாறினார். கேபிள் வந்தது, அதற்கும் மாறினார். 2010இல் பாதி சுறா பாதி ஆக்டோபஸ் என்று ஒரு ஜந்துவை டி.வி.க்குச் செய்து தந்தபோது அவருக்கு 84 வயது.

எங்களுக்கும் அதேதான் நடந்தது, கொஞ்சம் தாமதமாக. இப்போது படம் ஹார்ட் டிஸ்கில் வருகிறது, சேட்டிலைட்டில் வருகிறது. போன வருடம் பேரனிடம் "பெட்டி வரலைன்னா ஷோ கேன்சல்" என்றேன். என்ன பெட்டி என்றான்.

19 ஆகஸ்ட் 2024

பேரன் இல்லை, அண்ணனின் பேரன். எனக்கு அவ்வளவு வயதாகவில்லை.

6 அக்டோபர் 2024

இதை எப்படி இவ்வளவு நாள் விட்டேன்? 'ஃபென்டாஸ்டிக் ஃபோர்'. அந்தக் காமிக்ஸ் உரிமை ஒரு ஜெர்மன் தயாரிப்பாளரிடம் இருந்தது, பெர்ண்ட் ஐஷிங்கர். 1992 முடிவதற்குள் படப்பிடிப்பைத் தொடங்காவிட்டால் உரிமை கைவிட்டுப் போகும். கார்மனிடம் வந்தார். ஏறத்தாழ 10 லட்சம் டாலரில் வேலை முடிந்தது. நடிகர்கள் சொந்தக் காசில் ஊர் ஊராகப் போய் ரசிகர்களைச் சந்தித்தார்கள். டிரெய்லர் வந்தது. 1994 ஜனவரியில் முதல் காட்சி என்று அறிவித்தார்கள். காட்சி ரத்து. படம் வரவே இல்லை. உரிமையைக் காப்பாற்றத்தான் எடுத்தார்கள் என்பது நடித்தவர்களுக்குக் கடைசிவரை தெரியாது.

நாற்பது வருடமாக எந்தக் குப்பையையும் ஒரு திரைக்கு அனுப்பிவைத்த மனிதர். அவர் கம்பெனியில் ஒரு பெட்டி வாசலைத் தாண்டவில்லை. திருட்டு வீடியோ பிரதியாக அது ஊரெல்லாம் போனது வேறு விஷயம். எங்கள் ஆபீசில் பின்னறையில் இப்படி மூன்று பெட்டி இருந்தது. வெளிவராத தமிழ்ப் படங்கள். லேபுக்குப் பணம் கட்டாததால் ஒன்று, பங்காளிச் சண்டையில் ஒன்று. மூன்றாவது ஏன் என்று யாருக்கும் தெரியாது. மேலே டிபன் கேரியர் வைத்துச் சாப்பிடுவோம்.

17 நவம்பர் 2024

கேள்வி கேட்டவர் மிசௌரி படத்தைப் பார்த்துவிட்டாராம். "ஷாட்னர் பயமாக இருந்தார். தரகர் என்றதை வாபஸ் வாங்குகிறேன், ஆனால் ரப்பர் பூதம் ரப்பர் பூதம்தான்" என்கிறார். சரி, ஏற்றுக்கொண்டேன்.

அடுத்து என்ன பார்க்கலாம் என்று கேட்டிருக்கிறார். பூக்கடைப் படம். அதற்குக் காப்புரிமை ஒழுங்காகப் பதிவு செய்யப்படவில்லை, அதனால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கும். ஒரு காசைக்கூட விடாதவர் எப்படி அதைக் கோட்டைவிட்டார் என்று கேட்காதீர்கள். இரண்டு வாரம் ஓடி மறந்துபோகிற படத்துக்கு யார் பதிவுச் செலவு செய்வார்கள் என்றுதான் நினைத்திருப்பார். பிறகு அது மேடை நாடகமாகி, அந்த நாடகம் 1986இல் பெரிய படமும் ஆனது. கறுப்பு வெள்ளையில் இருக்கிற பிரதியாகப் பார்த்து எடுங்கள். கலர் பூசியதும் சுற்றுகிறது, அதில் செடி வாழைத்தார் மாதிரி இருக்கிறது.